பீரோவில் கிடக்கும் வீடியோ கேம்: நியாயமான, நல்ல விலைக்கு விற்க ஒரு பாடம்

கீழக்கரை, ஏர்வாடி, பெரியபட்டினம், பனைக்குளம், மண்டபம், பாம்பன், தொண்டி என்று நம் கடற்கரை ஊர்களில் துபாய், சவூதி, சிங்கப்பூர், மலேசியா என்று வெளிநாட்டில் பிழைப்பவர்கள் உள்ள குடும்பங்கள் ஏராளம். வாப்பாவோ சாச்சாவோ மாமாவோ விடுமுறையில் வரும்போது, பிள்ளைகளுக்கென்று கையில் வைத்து விளையாடும் வீடியோ கேம் ஒன்றை வாங்கி வருவதும் வழக்கம். பிள்ளை வளர்ந்து கல்லூரிக்குப் போய்விடுகிறான். கேம் மட்டும் பீரோவின் மேல்தட்டில் துணி சுற்றியபடி கிடக்கிறது.

ஒரு நாள் வீட்டைச் சுத்தம் செய்யும்போது அது கண்ணில் படுகிறது. "இது இப்போது யாருக்கு வேண்டும்?" என்று பழைய இரும்புக்காரரின் தட்டில் போட்டுவிடுகிறோம். அல்லது செல்போன் பழுது பார்க்கும் கடையில் முதலில் சொன்ன விலைக்குக் கொடுத்துவிட்டு வருகிறோம். வாங்கியவர் துடைத்து, ஒரு பேட்டரி மாற்றி, அதைப் போலப் பல மடங்குக்கு விற்கிறார். அவர் மீது தவறு இல்லை. தன் கையில் இருப்பது என்ன என்று அவருக்குத் தெரிந்திருந்தது, நமக்குத் தெரியவில்லை. அந்த வித்தியாசம் ஒரு பிள்ளையின் பாடப் புத்தகச் செலவாகவோ, தேர்வுக் கட்டணமாகவோ இருந்திருக்கலாம்.

நம் கடற்கரைக்கு இந்தக் கணக்கு புதிதல்ல. சங்கும் முத்தும் இங்கே விலை போன காலத்தில், அளவு, நிறம், உருட்சி பார்த்துத் தரம் பிரித்த பிறகுதான் விலை பேசினார்கள். இன்றும் கரையில் மீனை ரகம் பிரித்துக் கூறு வைத்தால் ஒரு விலை, கலந்து குவித்து வைத்தால் ஒரு விலை. கலந்த குவியலுக்கு அதில் உள்ள மட்டமான ரகத்தின் விலைதான் கிடைக்கும். பழைய வீடியோ கேமுக்கும் இதே விதிதான். தரம் பிரித்து, குறையைச் சொல்லி, நேரம் பார்த்து விற்பவருக்கே நல்ல விலை. அதைப் படிப்படியாகப் பார்ப்போம்.

1. முதலில், இது யாருடைய பொருள்?

விற்பதற்கு முன் கேட்க வேண்டிய முதல் கேள்வி இது. சாச்சா தன் மருமகனுக்கோ மகளுக்கோ அன்பளிப்பாகக் கொடுத்த பொருள் அந்தப் பிள்ளைக்கே உரியது. பெற்றோர் அதற்குக் காவலர்கள் மட்டுமே. பிள்ளை பள்ளிக்குப் போயிருக்கும் நேரத்தில் எடுத்து விற்றுவிடுவது முறையல்ல. அவனிடம் சொல்லி, சம்மதம் வாங்கி, கிடைக்கும் பணம் அவனுக்கு எதற்குப் பயன்படும் என்று பேசி முடிவு செய்யுங்கள். சைக்கிளா, புத்தகமா, சேமிப்பா என்று அவனே சொல்லட்டும்.

இதில் இன்னொரு நன்மையும் உண்டு. எந்த கேசட் எங்கே இருக்கிறது, எந்தப் பொத்தான் சரியாக வேலை செய்யாது, சார்ஜர் எந்த டப்பாவில் கிடக்கிறது என்பதெல்லாம் பிள்ளைக்குத்தான் தெரியும். பொருளுக்கு விலை வைக்கும் வேலையில் அவனையும் சேர்த்துக்கொண்டால், கொடுக்கல் வாங்கலை அவன் வீட்டிலேயே கற்றுக்கொள்வான்.

2. கையில் இருப்பது எது?

"ஒரு வீடியோ கேம் இருக்கிறது" என்று சொன்னால் யாரும் நல்ல விலை சொல்ல முடியாது. கருவியைத் திருப்பிப் பாருங்கள். பின்புறத்திலோ பேட்டரி மூடிக்கு அருகிலோ சிறிய எழுத்தில் மாடல் எண் இருக்கும். அதைத் தாளில் எழுதிக்கொள்ளுங்கள்.

நின்டெண்டோ நிறுவனத்தின் கேம் பாய் 1989இலும், கேம் பாய் அட்வான்ஸ் 2001இலும், இரண்டு திரை கொண்ட டி.எஸ். 2004இலும், 3டி.எஸ். 2011இலும், ஸ்விட்ச் 2017 மார்ச்சிலும் வந்தன. சோனி நிறுவனத்தின் பி.எஸ்.பி. 2004 டிசம்பரில் ஜப்பானில் வந்து, அடுத்த ஆண்டு மற்ற நாடுகளுக்குப் பரவியது. அதற்கு அடுத்த தலைமுறையான பி.எஸ். வீட்டா 2011 டிசம்பரில் வந்தது.

ஒரே பெயருக்குள்ளும் பல ரகங்கள் உண்டு. கேம் பாய் அட்வான்ஸ் எஸ்.பி. என்ற மடக்கும் கருவியை எடுத்துக்கொள்ளுங்கள். ஏ.ஜி.எஸ்.-001 என்று எழுதியிருந்தால் திரைக்கு முன்பக்கத்திலிருந்து வெளிச்சம் விழும் பழைய வகை. ஏ.ஜி.எஸ்.-101 என்றிருந்தால் பின்பக்க வெளிச்சம் கொண்ட, பளிச்சென்ற திரை. சேகரிப்பவர்கள் தேடுவது இரண்டாவதைத்தான். பார்வைக்கு இரண்டும் ஏறக்குறைய ஒன்றுபோலவே இருக்கும். விலையைப் பிரிப்பது அந்தச் சிறிய எண்.

பி.எஸ்.பி.யில் 1000, 2000, 3000 என்று வரிசை உண்டு. 2007இல் வந்த 2000 வகை மெலிந்தது. 2008இல் வந்த 3000 வகையில் திரை மேம்பட்டது, மைக்கும் சேர்ந்தது. 2009இல் வந்த கோ வகையில் வட்டு போடும் இடமே கிடையாது. 2011இல் வந்த ஈ1000 வகையில் வைஃபை இல்லை. வீட்டாவில் 1000 வகைக்கு ஓ.எல்.ஈ.டி. திரை, 2000 வகைக்கு எல்.சி.டி. திரை.

ஸ்விட்சில் எச்.ஏ.சி.-001 என்பது முதல் வகை. நிறுவனக் கணக்குப்படி அதன் பேட்டரி இரண்டரை முதல் ஆறரை மணி நேரம் நிற்கும். 2019இல் வந்த திருத்திய வகையில் அந்த எண்ணுக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் -01 என்று சேர்ந்திருக்கும். அது நாலரை முதல் ஒன்பது மணி நேரம் நிற்கும். எச்.டி.எச்.-001 என்பது லைட் வகை. எச்.இ.ஜி.-001 என்பது 2021இல் வந்த ஓ.எல்.ஈ.டி. வகை. ஸ்விட்சை நின்டெண்டோ இந்தியாவில் நேரடியாக வெளியிடவில்லை. இங்கே கிடைப்பவை பெரும்பாலும் வெளிநாட்டிலிருந்து வந்தவையே. ஆகவே நல்ல நிலையில் உள்ள ஸ்விட்சுக்கு இங்கே தேடுபவர் உண்டு.

திருவிழாக் கடைகளில் விற்கும் "ஆயிரம் கேம்" பெட்டிகளும், கட்டம் அடுக்கும் சின்னக் கருவிகளும் வேறு ரகம். அவற்றுக்குப் பெரிய மறுவிலை இல்லை. பக்கத்து வீட்டுப் பிள்ளைக்குக் கொடுத்துவிடுவதே நல்லது.

3. துணைப் பொருள்களைத் திரட்டுங்கள்

கருவி தனியாக ஒரு விலை. பெட்டி, சார்ஜர், கையேடு, எழுதுகோல், மெமரி கார்டு, பேட்டரி மூடி எல்லாம் சேர்ந்து இன்னொரு விலை. விற்பதற்கு ஒரு வாரம் முன்பே வீட்டின் எல்லா டப்பாக்களையும் தேடுங்கள். வெறும் அட்டைப் பெட்டி என்று எறிந்துவிடாதீர்கள். சேகரிப்பவருக்கு அந்தப் பெட்டியே ஒரு பொருள்.

சார்ஜரில் ஒன்றைக் கவனிக்கவும். வளைகுடாவிலும் சிங்கப்பூரிலும் வாங்கியது பெரும்பாலும் நம் ஊர் மின்சாரத்துக்கு ஒத்துவரும். பிளக்கின் வடிவம் மட்டும் வேறுபடும். ஜப்பானிலோ அமெரிக்காவிலோ வாங்கிய சில சார்ஜர்கள் 100 அல்லது 120 வோல்ட்டுக்கு மட்டுமே செய்யப்பட்டவை. அதை நம் 230 வோல்ட்டில் செருகினால் கருகிவிடும். சார்ஜரின் மேல் 100–240 என்று எழுதியிருக்கிறதா என்று படித்த பிறகே செருகுங்கள்.

கேசட்டுகளை ஒவ்வொன்றாகப் பெயர் எழுதிப் பட்டியலிடுங்கள். சில நேரம் கருவியைவிட ஒரு கேசட்டுக்கு அதிக விலை கிடைக்கும். போக்கிமான் வரிசையில் கேம் பாய் அட்வான்ஸுக்கும் டி.எஸ்.ஸுக்கும் வந்த அசல் கேசட்டுகள் இதற்கு நல்ல உதாரணம். விலை அதிகம் என்பதால்தான் அவற்றுக்குப் போலியும் அதிகம். கேம் பாய் அட்வான்ஸின் அசல் கேசட்டில், முன் லேபிளின் மேல் இரண்டு எண்கள் அழுத்திய தடமாக இருக்கும். வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால் தெரியும். பின்புறத் திருகின் தலையில் மூன்று கீற்று இருக்கும். அச்சு மங்கலாகவும், எழுத்துப் பிழையோடும் இருந்தால் போலி என்று சந்தேகிக்க வேண்டும். போலி என்று தெரிந்தால் போலி என்றே சொல்லுங்கள்.

4. சோதனை: உப்புக்காற்றும் பேட்டரியும்

நம் ஊரில் எந்த மின்சாதனத்துக்கும் முதல் எதிரி கடல் காற்று. வருடக்கணக்கில் கிடந்த கருவியில் சார்ஜர் முனை, கேசட் செருகும் இடம், பேட்டரி தொடும் தகடு ஆகியவற்றில் பச்சைக் களிம்பு படிந்திருக்கும். மருந்துக்கடையில் கிடைக்கும் ஐசோப்ரோப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சுக்குச்சியில் லேசாகத் தொட்டு, கேசட்டின் தகட்டைத் துடையுங்கள். நன்றாக உலர்ந்த பிறகே போட வேண்டும். தண்ணீர் வேண்டாம், உப்புத்தாளால் தேய்க்கவும் வேண்டாம்.

சார்ஜ் போடுவதற்கு முன் பேட்டரியைப் பாருங்கள். பி.எஸ்.பி.யின் பின்மூடி சரியாக உட்காராமல் தூக்கிக்கொண்டிருந்தால் பேட்டரி வீங்கியிருக்கிறது என்று அர்த்தம். வீங்கிய பேட்டரியைச் சார்ஜ் செய்யாதீர்கள், குத்தாதீர்கள், வெயிலில் வைக்காதீர்கள். தீப்பிடிக்கும் ஆபத்து உண்டு. பி.எஸ்.பி., டி.எஸ். போன்றவற்றில் பேட்டரியைக் கழற்றி மாற்ற முடியும். புதிது போட்டு விற்கலாம். இல்லாவிட்டால் "பேட்டரி இல்லை" என்று சொல்லி விற்கலாம். பழைய கேம் பாயில் சாதாரண செல்களை உள்ளேயே விட்டிருந்தால் அவை கசிந்து வெள்ளைப் பொருக்கு கட்டியிருக்கும். துளி வினிகர் தொட்ட பஞ்சால் துடைத்து, பிறகு ஆல்கஹாலால் துடைத்து உலர்த்தினால் பல நேரங்களில் கருவி பிழைத்துக்கொள்ளும்.

பிறகு ஒவ்வொன்றாகச் சோதித்து எழுதுங்கள். திரையில் கோடோ, கரும்புள்ளியோ உண்டா? எல்லாப் பொத்தான்களும் வேலை செய்கின்றனவா? இரண்டு பக்கமும் சத்தம் வருகிறதா? வைஃபை பிடிக்கிறதா? கேசட் போட்டவுடன் எடுத்துக்கொள்கிறதா? முழுச் சார்ஜில் எவ்வளவு நேரம் ஓடுகிறது? டி.எஸ். லைட்டில் மடக்கும் கீல் விரிசல் விடுவது சகஜம். அதைத் தனியாகப் பாருங்கள். ஸ்விட்சின் ஜாய்கான் கைப்பிடிகளில், குச்சியைத் தொடாமலே ஆட்டம் ஒரு பக்கமாக நகரும் கோளாறு பலருக்கும் தெரிந்தது. வாங்க வருபவர் முதலில் பார்ப்பதும் அதைத்தான்.

5. குடும்பப் படங்கள் உள்ளே இருக்கலாம்

பலர் மறந்துவிடும் இடம் இது. டி.எஸ்.ஐ., 3டி.எஸ்., வீட்டா ஆகியவற்றில் கேமரா உண்டு. பிள்ளைகள் விளையாட்டாக வீட்டிலுள்ள உம்மாவையும் ராத்தாவையும் எடுத்த படங்கள் அதில் இருக்கக்கூடும். பி.எஸ்.பி.யின் மெமரி கார்டிலும் யாரோ போட்டுவைத்த குடும்பப் படங்கள், திருமண வீடியோக்கள் கிடக்கலாம். அவை அந்நியர் கைக்குப் போகக் கூடாது.

வேண்டிய படங்களைக் கணினிக்கு மாற்றிவிட்டு, கருவியை முழுமையாக அழியுங்கள். ஸ்விட்சில் சிஸ்டம் செட்டிங்ஸ், சிஸ்டம், ஃபார்மேட்டிங் ஆப்ஷன்ஸ் என்று போய் "இனிஷியலைஸ் கன்சோல்" என்பதைக் கொடுக்க வேண்டும். 3டி.எஸ்.ஸில் சிஸ்டம் செட்டிங்ஸ், அதர் செட்டிங்ஸ் என்று போனால் "ஃபார்மேட் சிஸ்டம் மெமரி" இருக்கும். வீட்டாவில் செட்டிங்ஸ், ஃபார்மேட் என்ற இடத்தில் உள்ளது. அழிப்பதற்கு முன் கணக்கிலிருந்து கருவியை விலக்குங்கள். கணக்கில் வங்கி அட்டை விவரம் சேமித்திருந்தால் அதையும் நீக்குங்கள்.

மெமரி கார்டைச் சாதாரணமாக அழித்தாலும், அதற்கென்று உள்ள மென்பொருளால் படங்களை மீட்டுவிட முடியும். குடும்பப் படம் இருந்த கார்டை வீட்டிலேயே வைத்துக்கொண்டு, வேறு கார்டு போட்டோ கார்டு இல்லாமலோ விற்பதே பாதுகாப்பு. கார்டுக்குக் கிடைக்கும் சில நூறு ரூபாய் அந்த நிம்மதிக்கு ஈடாகாது.

இணையத்தில் வாங்கி இறக்கிய விளையாட்டுகள் கணக்கோடு சேர்ந்தவை, கருவியோடு போகாது. ஆகவே அவற்றை விலையில் சேர்க்க முடியாது. மாறாக, கையில் எடுக்கக்கூடிய கேசட்டுக்கு மதிப்பு நிற்கிறது. 3டி.எஸ்.ஸுக்கான நின்டெண்டோவின் இணையக் கடையில் 2023 மார்ச் 27ஆம் தேதியோடு விற்பனை நின்றுவிட்டது. புதிதாக வாங்க நினைப்பவருக்கு இனி கேசட்தான் வழி. இதைத் தெரிந்து வைத்திருந்தால் கேசட்டுகளை அள்ளிச் சும்மா கொடுத்துவிட மாட்டீர்கள்.

கருவியில் மென்பொருளை மாற்றி, காசு கொடுக்காத நகல் விளையாட்டுகளை ஏற்றியிருக்கிறார்களா என்றும் பாருங்கள். அப்படி மாற்றிய கருவி இணையத்தில் இணைய முடியாமல் தடுக்கப்பட்டிருக்கலாம். "நூறு கேம் இலவசம்" என்று விளம்பரம் செய்து அதை விற்பது மற்றவரின் உழைப்பை விற்பதாகும். நகல்களை அழித்து, மாற்றம் செய்ததையும் வாங்குபவரிடம் சொல்லிவிடுங்கள்.

6. விலையைக் கண்டுபிடிப்பது

கேட்கும் விலை வேறு, போன விலை வேறு. ஓ.எல்.எக்ஸ். போன்ற தளங்களில் தெரிவது கேட்கும் விலை. ஒரே விளம்பரம் மாதக்கணக்கில் நிற்கிறது என்றால் அந்த விலைக்கு ஆள் இல்லை என்று பொருள். உங்கள் மாடல் எண்ணைப் போட்டுத் தேடி, ஐந்தாறு விளம்பரங்களைக் குறித்துவைத்து, இரண்டு வாரம் கவனியுங்கள். சீக்கிரம் மறைந்துபோன விலைதான் சந்தை விலைக்கு அருகில் இருக்கும். ஈபே தளத்தில் விற்று முடிந்தவற்றை மட்டும் தனியாகப் பார்க்கும் வசதி உண்டு. ஆனால் அந்த டாலர் விலையை அப்படியே ரூபாயாக மாற்றி இங்கே கேட்கக் கூடாது. அங்குள்ள சேகரிப்பாளர்களின் கூட்டம் இங்கே கிடையாது.

கடைக்காரர் ஏன் குறைத்துக் கேட்கிறார் என்பதையும் புரிந்துகொள்ள வேண்டும். கணக்குக்காக, கடையில் 8,000 ரூபாய்க்கு விற்கக்கூடிய ஒரு கருவி என்று வைத்துக்கொள்வோம். துடைத்துப் பேட்டரி மாற்ற 900 ரூபாய். விற்காமல் தேங்குவதற்கும், கோளாறு என்று திரும்பி வந்தால் ஈடு செய்வதற்கும் 600 ரூபாய். அவருடைய லாபம் 1,300 ரூபாய். மொத்தம் 2,800 போக, அவர் நமக்குத் தரக்கூடியது 5,200. அதே கருவியை நாமே சுத்தம் செய்து, பயன்படுத்தப்போகும் ஒருவருக்கு 6,500க்குக் கொடுத்தால் நமக்கு 1,300 ரூபாய் கூடுதல். வாங்குபவருக்கு 1,500 ரூபாய் மிச்சம். நேரமும் பொறுமையும் இருப்பவர் நேரடியாக விற்கலாம். உடனே பணம் தேவைப்படுபவர், மூன்று கடைகளிலாவது விசாரித்துவிட்டுக் கொடுக்கலாம். முதல் கடையில் சொன்ன விலையிலேயே முடித்துவிடாதீர்கள்.

நேரமும் முக்கியம். கரையில் மீன் ஏலத்தில் பொழுது ஏற ஏற விலை இறங்குவதைப் பார்க்கிறோம். 3டி.எஸ். 2011 மார்ச்சில் அமெரிக்காவில் 249.99 டாலருக்கு வந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் நிறுவனமே விலையை 169.99 டாலராகக் குறைத்தது. அந்த ஐந்து மாதத்தில் பழைய கருவியை விற்க நினைத்தவர்களின் கணக்கெல்லாம் மாறிப்போனது. 2025 ஜூன் 5ஆம் தேதி ஸ்விட்ச் 2 வந்துவிட்டது. புதியது பரவப் பரவ, முதல் ஸ்விட்சின் விலை இறங்கவே செய்யும். அதை விற்கும் எண்ணம் இருந்தால் தள்ளிப்போட வேண்டாம். உற்பத்தி நின்று பல வருடமான கேம் பாய் போன்றவற்றுக்கு இந்த அவசரம் இல்லை. நல்ல நிலையில் இருப்பவை வர வர அரிதாகின்றன. ஆனால் உப்புக்காற்றில் வைத்து அரிதாக்கினால் பயனில்லை. காற்றுப் புகாத டப்பாவில் ஈரம் உறிஞ்சும் சிலிக்கா பொட்டலத்தோடு, பேட்டரியைக் கழற்றி வையுங்கள்.

பள்ளி விடுமுறை தொடங்கும் நாட்களிலும் பெருநாளுக்கு முந்தைய வாரங்களிலும் பெற்றோர் இத்தகைய பொருள்களைத் தேடுவார்கள். தேர்வுக் காலத்தில் தேட மாட்டார்கள்.

7. எங்கே, எப்படிச் சொல்லி விற்பது?

முதலில் தெரிந்தவர் வட்டம்: உறவினர், ஜமாஅத்தார், பள்ளி நண்பர்களின் வாட்ஸ்அப் குழுக்கள். அடுத்து, இராமநாதபுரம், மதுரைக் கடைகள். அபூர்வ மாடலாக இருந்தால், சென்னைக்குப் போகும் வேலை இருக்கும்போது அண்ணா சாலையை ஒட்டிய ரிச்சி தெருவிலும் கடற்கரை ரயில் நிலையம் அருகே பர்மா பஜாரிலும் விசாரிக்கலாம். அதற்கென்றே பயணம் போனால் பஸ் செலவு லாபத்தைத் தின்றுவிடும்.

விளம்பரம் எப்படி இருக்க வேண்டும்? "சூப்பர் கண்டிஷன், அவசர விற்பனை" என்பது யாருக்கும் எதையும் சொல்லாது. இப்படி எழுதிப் பாருங்கள்:

"பி.எஸ்.பி. 3000 வகை, கறுப்பு. வெளிநாட்டில் வாங்கியது. பெட்டி, சார்ஜர், 4 வட்டு உண்டு. பேட்டரி புதிது, சுமார் 4 மணி நேரம் ஓடுகிறது. திரையின் இடது ஓரத்தில் நகக்கீறல் ஒன்று, விளையாடும்போது தெரியாது. வலது தோள் பொத்தானைச் சற்று அழுத்தி அமுக்க வேண்டும். மெமரி கார்டு இல்லை. நேரில் வந்து ஓட்டிப் பார்த்து வாங்கலாம்."

பகல் வெளிச்சத்தில் ஆறு படம் எடுங்கள்: முன், பின், மாடல் எண், திரை எரியும் நிலை, துணைப் பொருள்கள், குறை உள்ள இடம். குறையைப் படம் எடுத்துக் காட்டினால் விலை விழுந்துவிடும் என்று பயப்படத் தேவையில்லை. குறையை முதலிலேயே சொன்னவரிடம் வாங்குபவர் மற்றவற்றையும் நம்புகிறார், பேரமும் குறைகிறது. மறைத்து விற்றால், ஊர் சிறியது, மறுநாளே வாசலுக்கு வந்துவிடுவார். பொருளின் குறையைச் சொல்லி விற்பது நம் மார்க்கம் வணிகருக்கு இட்ட கடமையும்கூட. அதேபோல, வாங்குவதாக நடித்து விலையை ஏற்றிவிட ஓர் ஆளை வைப்பதும், ஒருவரிடம் விலை முடித்த பிறகு அதிகம் தருகிறேன் என்றவருக்குக் கொடுத்துவிடுவதும் கூடாது.

நல்ல கேசட்டுகளைத் தனியாக விலை வையுங்கள். சாதாரணமானவற்றைக் கருவியோடு சேர்த்துக் கொடுங்கள். எல்லாவற்றையும் ஒரே கூறாக வைத்தால் நல்லதும் மட்டத்தோடு போய்விடும்.

8. பணம் வாங்கும்போது

"நான் ராணுவத்தில் இருக்கிறேன், நேரில் வர முடியாது, பணம் அனுப்ப கியூ.ஆர். கோடு அனுப்புகிறேன், ஸ்கேன் செய்யுங்கள்" என்று ஒருவர் பேசினால் அது மோசடி. பணம் வாங்குவதற்கு ஸ்கேன் செய்யவும் வேண்டாம், யு.பி.ஐ. ரகசிய எண் போடவும் வேண்டாம். அந்த எண்ணைப் போட்டால் பணம் நம் கணக்கிலிருந்துதான் போகும். "தவறுதலாக அதிகம் அனுப்பிவிட்டேன், மீதியைத் திருப்பி அனுப்புங்கள்" என்று போலிக் குறுஞ்செய்தி காட்டுவதும் உண்டு. குறுஞ்செய்தியை நம்பாமல் வங்கிக் கணக்கில் இருப்பைப் பார்த்த பிறகே பொருளைக் கொடுங்கள். ஏமாந்துவிட்டால் தாமதிக்காமல் 1930 என்ற எண்ணில் சைபர் குற்றப் புகார் கொடுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவுக்குப் பணத்தை முடக்கி மீட்கும் வாய்ப்பு உண்டு.

அறிமுகமில்லாதவரை வீட்டுக்கு அழைக்க வேண்டாம். பகல் நேரத்தில் ஆள் நடமாட்டமுள்ள கடை வாசலில் சந்தியுங்கள். வீட்டில் பெண்கள் மட்டும் இருந்தால், காக்காவோ மாமாவோ உடன் வரட்டும். கொடுக்கும் நாள், மாடல், வரிசை எண், விலை, சொன்ன குறைகள் ஆகியவற்றை ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்திட்டு ஆளுக்கொரு படி வைத்துக்கொள்ளுங்கள். பிற்காலத்தில் "இது திருட்டுப் பொருள்" என்றோ "உடைந்ததைக் கொடுத்துவிட்டார்" என்றோ பேச்சு வந்தால் அந்தத் தாள் இருவருக்கும் காவல்.

வெளியூருக்குக் கூரியரில் அனுப்பினால் உள்ளே பேட்டரி உள்ளதைச் சொல்லியே அனுப்ப வேண்டும். கட்டும்போது வரிசை எண் தெரிய வீடியோ எடுத்து வைப்பது நல்லது.

9. விற்க முடியாதது

எவ்வளவு முயன்றும் ஓடாத கருவியையும் எறிய வேண்டாம். "பழுது, உதிரிப் பாகத்துக்கு" என்று சொல்லி விற்றால், பழுது பார்ப்பவர் திரைக்காகவோ பொத்தானுக்காகவோ வாங்குவார். அதற்கும் ஆகாதவற்றை, குறிப்பாக வீங்கிய பேட்டரியை, மின்கழிவு வாங்கும் அங்கீகாரம் பெற்றவரிடம் சேர்க்க வேண்டும். வீட்டுக் குப்பையில் போட்டால் எரியும். கரையில் எறிந்தால் அதன் நஞ்சு நம் மன்னார் வளைகுடாவுக்கே போகும்.

பயிற்சி

இந்த வெள்ளிக்கிழமை மாலை, பிள்ளைகளை உட்கார வைத்து இதைச் செய்து பாருங்கள்.

1. வீட்டில் பயன்படுத்தாமல் கிடக்கும் வீடியோ கேம்களை எடுத்து, மாடல் எண்ணை எழுதுங்கள்.
2. எது யாருக்குக் கொடுத்த அன்பளிப்பு என்று கேட்டு, உரியவரின் பெயரை எதிரே எழுதுங்கள்.
3. துணைப் பொருள்கள், கேசட்டுகள் பட்டியல் தயாரியுங்கள். எதைத் தனியாக விற்கலாம் என்று பிரியுங்கள்.
4. ஒவ்வொன்றிலும் உள்ள குறைகளைப் பிள்ளையே தன் கையால் எழுதட்டும்.
5. மூன்று இடத்து விலையை விசாரித்து, கடை விலைக்கும் நேரடி விலைக்கும் உள்ள வித்தியாசத்தைக் கணக்கிடுங்கள்.
6. வரும் பணத்தை எதற்குப் பயன்படுத்துவது என்று எல்லோரும் சேர்ந்து முடிவு செய்யுங்கள்.

வெளிநாட்டு வெயிலில் உழைத்தவர் தன் சம்பளத்தில் வாங்கி அனுப்பிய பொருள் அது. பழையதாகிவிட்டாலும் அதன் மதிப்பை அறிந்து, குறையை மறைக்காமல், தேவைப்படும் இன்னொரு பிள்ளையின் கைக்கு நியாயமான விலையில் போய்ச் சேரச் செய்வது நம் பொறுப்பு.